கண்ணாடிக்கு உள்ளே ஒரு முகம்: கார்ல் டிரையரின் ‘வாம்பிர்’

(இணையவழி இலக்கியச் சந்திப்பில் நேரலையாக நிகழ்த்தப்பட்ட உரையின் செம்மைப்படுத்தப்பட்ட எழுத்து வடிவம்.)

கனடாவில் இருப்பவர்களுக்கு இப்போது காலை பத்து மணி. யாழ்ப்பாணத்திலும் சென்னையிலும் இரவு எட்டரை. இங்கே டென்மார்க்கில் மாலை நான்குதான், ஆனால் வெளியே இருட்டிவிட்டது. டிசம்பர் மாதத்தில் எங்களுக்குக் கிடைக்கும் பகல் மிகக் குறைவு. கிடைக்கிற பகலும் பல நாட்களில் வெயில் இல்லாத சாம்பல் நிறப் பகல்தான். இன்றைக்குப் பேசப்போகும் படம் முழுக்க முழுக்க அந்தச் சாம்பல் வெளிச்சத்தில் எடுக்கப்பட்டது.

2024 இறுதியில் ராபர்ட் எகர்ஸின் ‘நொஸ்ஃபெரட்டு’ வந்தபோது நண்பர்களிடையே நீண்ட விவாதம் நடந்தது. படம் அழகாக இருக்கிறது, ஆனால் கதை சரியாகச் சொல்லப்படவில்லை என்றார்கள் சிலர். இரத்தக் காட்டேரிப் படத்தில் கதை எதற்கு, காட்சி போதாதா என்றார்கள் வேறு சிலர். இதே கேள்வி தொண்ணூறு வருடங்களுக்கு முன்னால் ஒரு டேனிஷ் இயக்குநரின் மேல் எறியப்பட்டது. அவர் கார்ல் தியோடர் டிரையர். அந்தக் கேள்விக்காக அவர் கொடுத்த விலை பெரியது. அதனால்தான் அவருடைய ‘வாம்பிர்’ படத்தை எடுத்துக்கொண்டேன்.

முதலில் ஆளைப் பற்றி இரண்டு வார்த்தை. டிரையர் 1889இல் கொப்பன்ஹேகனில் பிறந்தார். பெற்ற தாய் ஒரு சுவீடன் நாட்டுப் பெண். குழந்தையைத் தத்துக் கொடுத்துவிட்டு, சிறிது காலத்தில் இறந்துபோனார். வளர்த்தவர் ஓர் அச்சுக்கோப்பாளர். அவருடைய பெயரையே பிள்ளைக்கும் வைத்தார்கள். டிரையர் பத்திரிகையாளராகத் தொடங்கி, மௌனப்பட காலத்தில் வசனஅட்டை எழுதி, பிறகு இயக்குநரானார். 1928இல் பிரான்சில் அவர் எடுத்த ‘ஜோன் ஆஃப் ஆர்க்’ படம் உலக சினிமாவின் பெரிய சாதனைகளில் ஒன்று. ஆனால் அது பணம் சம்பாதிக்கவில்லை. அடுத்த படத்துக்கு எந்த நிறுவனமும் முன்வரவில்லை.

அப்போது வந்தார் ஒரு புரவலர். நிக்கோலா த குன்ஸ்பர்க் என்ற பணக்கார இளைஞர். படத்துக்குப் பணம் போடுகிறேன், ஆனால் கதாநாயகன் நான்தான் என்றார். டிரையர் சம்மதித்தார். திரையில் ஜூலியன் வெஸ்ட் என்ற பெயரில் அவரே நடித்தார். மற்றவர்களிலும் பெரும்பாலானோர் நடிப்பைத் தொழிலாகக் கொண்டவர்கள் அல்லர். அரங்கம் எதுவும் கட்டவில்லை. பிரான்சில் கூர்த்தெம்ப்பியே என்ற கிராமத்திலும் அதன் சுற்றுப்புறத்திலும் இருந்த உண்மையான மாளிகையிலும் கைவிடப்பட்ட கட்டடங்களிலும் எடுத்தார்கள். ஒளிப்பதிவாளர் ருடோல்ஃப் மாத்தே, கலை இயக்குநர் ஹெர்மன் வார்ம். இருவரும் ‘ஜோன் ஆஃப் ஆர்க்’ படத்தில் அவரோடு வேலை செய்தவர்கள். பேசும்படம் அப்போதுதான் வந்திருந்தது. ஒலியைப் பிறகு சேர்த்தார்கள். படத்தில் வசனம் மிகக் குறைவு.

எது மூலக்கதை?

படம் தன்னை ஐரிஷ் எழுத்தாளர் ஷெரிடன் லெ ஃபனுவின் ‘இன் எ கிளாஸ் டார்க்லி’ என்ற 1872ஆம் ஆண்டுத் தொகுப்பைத் தழுவியதாகச் சொல்லிக்கொள்கிறது. அதில் ஐந்து கதைகள். புகழ்பெற்றது ‘கார்மில்லா’. பிராம் ஸ்டோக்கரின் ‘டிராகுலா’ 1897இல்தான் வந்தது. அதற்கு இருபத்தைந்து ஆண்டு முந்தையது இது.

‘கார்மில்லா’வின் கதை இது. ஒரு தனிமையான மாளிகையில் தந்தையோடு வாழும் லாரா என்ற இளம்பெண். வீட்டு வாசலில் ஒரு வண்டி குடைசாய்கிறது. அதிலிருந்து இன்னொரு இளம்பெண் விருந்தாளியாக வந்து சேர்கிறாள். அழகி, அன்பானவள். லாராவுக்கு ஒரு தோழி கிடைத்துவிட்டாள். அந்தத் தோழிதான் இரவில் அவளுடைய இரத்தத்தைக் குடிக்கிறவள். கதையின் வலிமை எங்கே என்றால், லாராவுக்கு அவள்மேல் அருவருப்பும் இருக்கிறது, பிரியமும் இருக்கிறது. எல்லாம் முடிந்து ஆண்டுகள் கழித்து இதை எழுதும்போதும், கார்மில்லாவின் காலடிச் சத்தம் கேட்பதுபோல் அவளுக்குத் தோன்றுகிறது. அந்தக் குரலில் பயத்தைவிட ஏக்கம் அதிகம்.

இப்போது படத்துக்கு வாருங்கள். அலன் கிரே என்ற இளைஞன், மாயமந்திர நூல்களில் மூழ்கியவன், மீன்பிடி வலையைக் கையில் பிடித்துக்கொண்டு ஓர் ஆற்றங்கரை விடுதிக்கு வருகிறான். இரவில் பூட்டிய கதவு திறந்து ஒரு முதியவர் உள்ளே வருகிறார். தன் மகள் சாகக்கூடாது என்கிறார். ஒரு பொட்டலத்தை வைத்து, என் மரணத்துக்குப் பின் திறக்கவும் என்று எழுதிவிட்டுப் போகிறார். கிரே அவரைத் தேடிப் போகிறான். மாளிகையில் அவருடைய மூத்த மகள் லியோன் இரத்தம் வற்றிக் கிடக்கிறாள். அவளைக் குடிப்பவள் மார்கரித் ஷோபன் என்ற, எப்போதோ செத்துப்போன கிழவி. ஊர் வைத்தியர் அந்தக் கிழவியின் கையாள்.

லாரா எங்கே? கார்மில்லா எங்கே? இருவருமே இல்லை. இளம் தோழிக்குப் பதிலாகத் தடி ஊன்றிய கிழவி. பெண் சொல்லும் கதைக்குப் பதிலாக ஊர்சுற்றும் ஓர் ஆண். ‘கார்மில்லா’ படித்துவிட்டுப் படம் பார்க்கிறவர்களுக்கு ஏமாற்றம் வருவது நியாயம்தான்.

ஆனால் அந்தத் தொகுப்பில் இன்னொரு கதை இருக்கிறது: ‘தி ரூம் இன் தி டிராகன் வொலான்’. அதில் பேய் கிடையாது, மோசடிக்காரர்கள்தான். ஓர் இளைஞனுக்கு மருந்து கொடுத்து உடலை மரக்கச் செய்துவிடுகிறார்கள். அவனால் விரலைக்கூட அசைக்க முடியாது. ஆனால் எல்லாம் கேட்கிறது, எல்லாம் தெரிகிறது. அந்த நிலையில் அவனைச் சவப்பெட்டியில் வைத்து அடக்கம் செய்யப் பார்க்கிறார்கள்.

டிரையர் லெ ஃபனுவிடமிருந்து உண்மையில் எடுத்துக்கொண்டது இதைத்தான் என்று நான் நினைக்கிறேன். விழித்திருக்கிறது, ஆனால் அசைய முடியவில்லை என்ற ஒற்றை உணர்வு. கதைச் சம்பவங்களை ஏறக்குறைய எல்லாம் தூக்கிப் போட்டுவிட்டு, அந்த உணர்வை மட்டும் வைத்துக்கொண்டு எழுபத்தைந்து நிமிடத்துக்கும் குறைவான படத்தைக் கட்டியிருக்கிறார். படத்தின் நிறைகளும் குறைகளும் இந்த ஒரு முடிவிலிருந்தே வருகின்றன.

நிழலும் அதன் சொந்தக்காரரும்

முதலில் வெளிச்சம். படப்பிடிப்பின் தொடக்கத்தில் ஒரு ஷாட் சாம்பலாகப் பதிவாகிவிட்டது. தவறுதலாக ஒரு வெளிச்சம் லென்ஸில் பட்டிருந்தது. வேறு யாராவது என்றால் அதை வீசிவிட்டுத் திரும்ப எடுத்திருப்பார்கள். டிரையரும் மாத்தேயும் அதைப் பார்த்து, நமக்கு வேண்டியது இதுதான் என்று முடிவு செய்தார்கள். அதன்பிறகு கேமராவுக்கு முன்னால் சற்றுத் தள்ளி மெல்லிய வலைத்துணியைக் கட்டி, அதன் ஊடாகவே எடுத்தார்கள். அதனால் படத்தில் சுத்தமான கறுப்பும் சுத்தமான வெள்ளையும் அரிது. எந்தப் பொருளுக்கும் திடமான ஓரம் இல்லை. கண்ணில் பூ விழுந்தவர் பார்ப்பதுபோல் இருக்கும்.

இங்கே முந்தைய படத்தோடு ஒப்பிட்டால் வித்தியாசம் புரியும். முர்னோவின் 1922ஆம் ஆண்டு ‘நொஸ்ஃபெரட்டு’வில் படிக்கட்டில் ஏறும் நிழல் எல்லோருக்கும் நினைவிருக்கும். அந்த நிழல் பயமுறுத்துகிறது, காரணம் அதற்கு ஒரு சொந்தக்காரன் இருக்கிறான். நிழலுக்குப் பின்னால் அவன் வருகிறான். எகர்ஸ் நகரத்தின் மேல் விரித்த அந்தப் பெரிய கையின் நிழலும் அப்படித்தான். டிரையரின் நிழல்கள் வேறு. ஒற்றைக்கால் சிப்பாய் ஒருவன் ஒரு பக்கம் இருக்கிறான், அவனுடைய நிழல் இன்னொரு பக்கம் போய் வேலை பார்த்துவிட்டு வந்து அவனோடு ஒட்டிக்கொள்கிறது. ஒரு மனிதனின் நிழல் குழி தோண்டுகிறது, ஆனால் மண் தரையிலிருந்து மண்வெட்டிக்குத் திரும்பிப் பறக்கிறது. ஆளே இல்லாத சுவரில் நிழல்கள் இசைக்கு ஆடுகின்றன. கிழவி ஒரு அதட்டுப் போடுகிறாள், எல்லாம் நின்றுவிடுகிறது.

இதற்கெல்லாம் படம் விளக்கம் சொல்வதே இல்லை. கிரே பார்க்கிறான், நாங்களும் பார்க்கிறோம். கேமராவும் எங்களுக்கு உதவி செய்வதில்லை. அது கிரேயைத் தொடர்ந்து போகும். நடுவில் அவனை விட்டுவிட்டுச் சுவரோடு நகர்ந்து வேறெதையோ பார்க்கும். திரும்பி வரும்போது அவன் நாங்கள் எதிர்பாராத இடத்தில் நிற்பான். ஒரு வீட்டுக்குள் போனால் எது எந்தப் பக்கம் என்ற கணக்கு எங்கள் மனதில் தானாக விழும். டிரையர் அந்தக் கணக்கைத் திட்டமிட்டுக் குழப்புகிறார். கனவில் வீடு இப்படித்தான் இருக்கும்.

தமிழ் மரபில் வளர்ந்தவர்களுக்கு இது புதிது. எங்கள் பேய்கள் திட்டவட்டமானவை. கலிங்கத்துப்பரணியை எடுத்துக்கொள்ளுங்கள். செயங்கொண்டாரின் பேய்களுக்கு ஒட்டிய வயிறு உண்டு, பசி உண்டு, காளியிடம் முறைப்பாடு உண்டு. போர்க்களத்தில் இரத்தத்தையும் நிணத்தையும் கொண்டு கூழ் சமைத்துப் பந்தி வைத்துச் சாப்பிடுகின்றன. பார்க்கும் எங்களுக்குப் பயத்தோடு சிரிப்பும் வருகிறது. நாங்கள் ‘இரத்தக் காட்டேரி’ என்று மொழிபெயர்த்துக்கொண்ட சொல்லில் இருக்கும் காட்டேரிக்குத் தமிழ்நாட்டில் கோயிலே இருக்கிறது. படையல் வைத்துப் பேசிச் சமாதானம் செய்துகொள்ளலாம். பேயோடு கொடுக்கல் வாங்கல் சாத்தியம் என்பது எங்கள் நம்பிக்கை. டிரையரின் உலகத்தில் யாரோடு பேசுவது என்றே தெரியாது. முகத்தைக் காட்டாத ஒன்றுக்கு என்ன படையல் வைப்பது?

அந்தச் சவப்பெட்டி

படத்தின் மையமான காட்சிக்கு வருகிறேன். வைத்தியர் இளைய மகள் ஜிசெலைக் கடத்திக்கொண்டு போகிறார். துரத்திப் போகும் கிரே விழுந்து, களைத்து, ஒரு பெஞ்சில் உட்காருகிறான். ஏற்கெனவே லியோனுக்காக இரத்தம் கொடுத்த உடம்பு. அவனிடமிருந்து ஒரு கண்ணாடி உருவம்போல இன்னொரு கிரே எழுந்து நடக்கிறது. ஒரு வீட்டுக்குள் போகிறது. அங்கே ஒரு சவப்பெட்டி. துணியை விலக்கிப் பார்த்தால் உள்ளே கிடப்பது அவனேதான். கண் திறந்தபடி.

சவப்பெட்டியின் மூடியில் முகத்துக்கு நேரே ஒரு சிறிய கண்ணாடி. மூடியைப் பொருத்தித் திருகாணி முடுக்குகிறார்கள். இந்த இடத்தில் டிரையர் கேமராவைப் பெட்டிக்குள் வைக்கிறார். இனி நாங்கள் மல்லாந்து கிடந்து, அந்தச் சிறிய சதுரத்தின் ஊடாக மேலே பார்க்கிறோம். ஒரு மெழுகுதிரியைக் கண்ணாடி மேல் வைக்கிறார்கள், மெழுகு சொட்டுகிறது. கிழவியின் முகம் குனிந்து எங்களைப் பார்க்கிறது. பெட்டியைத் தூக்குகிறார்கள். கூரை நகர்கிறது, வாசல் நகர்கிறது, பிறகு வானம், மரக்கிளைகள், தேவாலயக் கோபுரம். மணி அடிக்கிறது.

நான் இந்தப் படத்தை முதலில் பார்த்தது பல ஆண்டுகளுக்கு முன்னால், எங்கள் ஊர் நூலகத்தில் எடுத்த டிவிடியில். அம்மா பக்கத்தில் இருந்து மரக்கறி வெட்டிக்கொண்டிருந்தா. படம் அவவுக்கு விளங்கவில்லை, கவனிக்கவும் இல்லை. இந்தக் காட்சி வந்ததும் கத்தியைக் கீழே வைத்துவிட்டு, “ஆராவது அந்தப் பெடியன்ர கண்ணை மூடிவிடுங்கோவன்” என்றா.

இந்தக் காட்சியைப் பற்றி எவ்வளவோ கட்டுரைகள் படித்திருக்கிறேன். அம்மா சொன்னதைவிடச் சரியாக யாரும் சொல்லவில்லை. எங்கள் வழக்கத்தில் உயிர் போனதும் செய்யும் முதல் வேலை கண்ணை மூடிவிடுவது. இனி நீ எதையும் பார்க்க வேண்டியதில்லை என்று விடை கொடுப்பது அது. அந்த விடையை மறுப்பதுதான் டிரையர் செய்யும் கொடுமை. இரத்தம் இல்லை, பல் இல்லை, அலறல் இல்லை. பார்த்துக்கொண்டே இரு, ஒன்றும் செய்ய முடியாது என்கிறார். லெ ஃபனு பல பக்கங்களில் சொன்னதை ஒரு கண்ணாடிச் சதுரத்துக்குள் கொண்டுவந்துவிட்டார். தழுவல் என்றால் இதுதான். சம்பவத்துக்கு விசுவாசமாக இருப்பது எளிது, எந்த உணர்வுக்காக அந்தச் சம்பவம் எழுதப்பட்டதோ அதைக் கண்டுபிடிப்பது கடினம்.

எங்கே சறுக்குகிறது

இனிக் குறைகள். படத்தைப் பிடித்தவன் என்பதால் அவற்றை மறைக்க வேண்டியதில்லை.

முதலாவது, அந்தப் புத்தகம். முதியவர் விட்டுச்சென்ற பொட்டலத்தில் இருப்பது காட்டேரிகளைப் பற்றிய ஒரு நூல். அதன் பக்கங்கள் திரையில் நீண்ட நேரம் வருகின்றன. நாங்கள் உட்கார்ந்து வாசிக்க வேண்டும். இவ்வளவு நுட்பமாகக் காட்சி வைக்கத் தெரிந்தவர், விளக்கம் என்று வந்ததும் மௌனப்படத்தின் பழைய அட்டைக்குத் திரும்பிவிடுகிறார். மூடுபனிக்கு நடுவே யாரோ பாடப்புத்தகத்தை நீட்டுவதுபோல் இருக்கிறது.

ஆனால் இதில் ஒரு விநோதம் உண்டு. கிரே அந்த நூலைப் பாதி வாசித்துவிட்டு வைக்கிறான். அதை எடுத்து மீதியை வாசிப்பவர் வீட்டின் வயதான வேலைக்காரர். அவர்தான் கல்லறையைத் திறந்து கிழவியின் நெஞ்சில் இரும்புக் கழியை இறக்குகிறார், கிரே உதவிக்குத்தான் நிற்கிறான். கதாநாயகன் பார்த்துக்கொண்டிருக்க, முழுவதும் வாசித்த மனிதர் காரியத்தை முடிக்கிறார். இலக்கியக் கூட்டத்தில் இதைச் சொல்லாமல் விடக்கூடாது.

இரண்டாவது குறை, கதாநாயகன். குன்ஸ்பர்க்குக்கு நடிக்க வராது. அகலத் திறந்த கண்கள், வேறொன்றும் இல்லை. தூக்கத்தில் நடப்பவனைப் போன்ற அந்த முகம் படத்துக்குப் பொருந்துகிறது என்று வாதிடுபவர்கள் உண்டு. பாதி ஒப்புக்கொள்வேன். ஜிசெலோடு அவனுக்கு ஏற்படும் நேசம் ஒரு நிமிடம்கூட நம்பும்படியாக இல்லை. கடைசியில் இருவரும் மூடுபனியில் படகில் ஆற்றைக் கடந்து வெளிச்சத்துக்கு வரும்போது மனது நிறைய வேண்டும். நிறையவில்லை.

மூன்றாவதுதான் பெரியது. கார்மில்லாவைக் கிழவியாக்கியதால் மூலக்கதையின் இதயம் போய்விட்டது. தன்னைக் கொல்ல வந்தவளை நேசித்தவளின் தவிப்பு அது. கிழவியை வெறுப்பது சுலபம், அவள் செத்தால் யாரும் அழப்போவதில்லை. கார்மில்லாவின் மரணத்தில் ஓர் இழப்பு இருந்தது.

அந்த இதயம் ஒரே ஒரு காட்சியில் மட்டும் துடிக்கிறது. படுக்கையில் கிடக்கும் லியோன் முதலில் செத்துவிடலாம் என்று அழுகிறாள். பிறகு மெல்ல முகம் மாறுகிறது. உதடு விலகிப் பல் தெரிகிறது. அறையில் நடக்கும் தன் தங்கையை அவளுடைய கண்கள் சிரித்தபடி பின்தொடர்கின்றன. அன்பும் பசியும் ஒரே முகத்தில். நடித்தவர் சிபில் ஷ்மிட்ஸ், படத்தில் இருந்த மிகச் சில தொழில்முறை நடிகர்களில் ஒருவர். ஒப்பனை மாற்றம் இல்லை, தந்திரக் காட்சி இல்லை. ‘ஜோன் ஆஃப் ஆர்க்’ எடுத்த மனிதர் முகத்தை எப்படி எடுப்பார் என்பதற்கு இந்த ஒரு நிமிடம் சாட்சி. இப்படி இன்னும் ஐந்து நிமிடம் தந்திருந்தால் எனக்கு இந்தக் குறையே இருந்திருக்காது.

பிறகு நடந்தது

படம் 1932 மே மாதம் பெர்லினில் வெளியானது. அதற்கு முந்தைய ஆண்டே ஹாலிவுட்டின் ‘டிராகுலா’வும் ‘ஃபிராங்கன்ஸ்டைன்’னும் வந்துவிட்டன. பார்வையாளர்கள் அந்த மாதிரி எதிர்பார்த்து வந்தார்கள். பெர்லினில் கூச்சலிட்டார்கள். டிரையர் படத்தை வெட்டிச் சுருக்கினார். ஜேர்மன் தணிக்கையும் தன் பங்குக்கு வெட்டியது. கழி இறக்கும் காட்சியும், மாவரைக்கும் ஆலையில் வைத்தியர் மாவுக்குள் மூச்சுமுட்டிப் புதைந்து சாகும் காட்சியும் குறைக்கப்பட்டன. படம் தோற்றது. டிரையரின் உடலும் மனமும் நொறுங்கி மருத்துவமனைக்குப் போனார். பிறகு கொப்பன்ஹேகன் திரும்பிப் பழைய பத்திரிகைத் தொழிலுக்கே போனார். நீதிமன்றச் செய்திகள் எழுதினார். அடுத்த முழுநீளப் படம் 1943இல்தான். ஐரோப்பாவின் மிகச் சிறந்த இயக்குநர்களில் ஒருவர் பத்து ஆண்டுகளுக்கு மேல் முழுநீளப் படம் எதுவும் எடுக்கவில்லை.

கதை புரியவில்லை என்ற ஒரு வரியைச் சொல்லிவிட்டுப் போவது எங்களுக்கு மிக எளிது. தமிழ்ச் சூழலில் அதை நாங்கள் தினமும் சொல்கிறோம். அது தவறான விமர்சனம் என்று நான் சொல்லவரவில்லை. படத்தின் குறைகளை நானே இப்போது அடுக்கினேன். ஆனால் அந்த வரிக்கு முன்னால் ஒரு கேள்வி கேட்க வேண்டும்: இந்தப் படம் என்னை எங்கே உட்காரவைத்துக் கதை சொல்கிறது? ‘வாம்பிர்’ எங்களைப் பெட்டிக்குள் படுக்கவைத்துச் சொல்கிறது. அங்கே இருப்பவருக்கு முழுக்கதை எப்படித் தெரியும்?

கேள்வி நேரத்திலிருந்து

உரை முடிந்ததும் ஒரு நண்பர், “புலம்பெயர்ந்த எங்களுக்கு இந்தப் பழைய படத்தில் தனியாக ஏதாவது இருக்கிறதா, அல்லது இது சினிமா மாணவர்களுக்கான படம்தானா?” என்று கேட்டார். சொன்ன பதிலைச் சுருக்கித் தருகிறேன்.

எங்களில் பலர் ஊரில் நடந்த செத்தவீடுகளைத் திரையில்தான் பார்த்தோம். முதலில் தபாலில் வந்த வீடியோ கசெட், பிறகு ஸ்கைப், இப்போது கைத்தொலைபேசியில் நேரலை. யாரோ ஒரு தம்பி போனைப் பிடித்துக்கொண்டு பெட்டியைச் சுற்றி வருவான். நாங்கள் இங்கே குசினியில் நின்றபடி அந்தச் சிறிய சதுரத்தில் அப்பாவின் முகத்தைப் பார்ப்போம். தொட முடியாது. வாய்க்கரிசி போட முடியாது. தூக்கிக்கொண்டு போகும்போது வானமும் பனைமரமும் ஆடி ஆடி நகரும். பார்க்க மட்டும்தான் முடியும்.

டிரையர் அதே கண்ணாடியை மறுபக்கத்திலிருந்து காட்டியிருக்கிறார். உள்ளே கிடப்பவருக்கு நாங்கள் எப்படித் தெரிவோம்? இந்தக் கேள்வியை அந்தப் படம்தான் என்னிடம் கேட்டது. அதற்காகவே நேரம் ஒதுக்கி, இருட்டிய ஒரு மாலையில், போனில் பார்க்காமல் கொஞ்சம் பெரிய திரையில் பாருங்கள்.